வாசல் இல்லாத வீட்டு அப்பச்சி

ஏட்டி, எல்லாரும் கொஞ்சம் வாயை மூடுங்க. இன்னைக்கு நான் பேசணும்.

நேற்று நம்ம பள்ளிக்கூட வாட்ஸ்அப் குழுவில் போஸ்ட்மாஸ்டர் மகள் ஒரு பழைய போட்டோவைப் போட்டாள். ஐந்தாம் வகுப்பு ஆண்டுவிழா. மேடையில் ரெட்டைச் சடையும் கனகாம்பரமுமாக நான் நிற்கிறேன், வாய் ஆவென்று திறந்திருக்கிறது. அதற்குக் கீழே அவள் என்ன எழுதினாள்? "பெத்த அப்பனை மேடையில வச்சுக் கிழிகிழின்னு கிழிச்சவ இவதான்." அவ்வளவுதான், வரிசையாக வந்து சிரித்துவிட்டுப் போனீர்கள். முப்பது வருசமா இதைத்தான் நம்பிக்கிட்டு இருக்கீங்களா? நாற்பதைத் தாண்டியாச்சு, எல்லாருக்கும் வெள்ளெழுத்து வந்தாச்சு, ஒருத்தி பாட்டியாகவே ஆகிவிட்டாள். அன்றைக்குக் கண்ணெதிரே நடந்ததை மட்டும் இன்னும் யாரும் சரியாகப் பார்க்கவில்லை. எனக்கு ராத்திரி முழுக்கக் கை துறுதுறுவென்று இருந்தது. கேளுங்க.

எங்க அப்பாவை உங்களுக்குத் தெரியும். வேப்பமரத்தடியில் சைக்கிளை நிறுத்துவார். முன்கம்பியில் கட்டிய சின்ன சீட்டிலிருந்து என்னை இறக்கிவிடுவார். ஒரு வார்த்தை பேசாமல் திரும்பிப் போய்விடுவார். "உம்மணாமூஞ்சி அப்பா" என்று பட்டம் வைத்தது யாரென்று எனக்குத் தெரியும், இப்போது சண்டைக்கு வரவில்லை. ஆனால் ஒருநாள் மத்தியானம் தயிர்சோற்றைப் பிசைந்துகொண்டே போஸ்ட்மாஸ்டர் மகள் கேட்டாள்.

"ஏட்டி, உங்கப்பாவுக்குச் சிரிக்கத் தெரியுமாட்டி?"

"தெரியும்."

"சத்தமா? நான் ஒரு தடவை என் காதால கேட்டுட்டேன்னா, இந்தா, இந்த ரப்பரை உனக்கே தந்துருதேன்."

சிவப்புப் பழம் மாதிரி ஒரு வாசனை ரப்பர். வகுப்பே மோந்து பார்க்க வரிசையில் நிற்கும். எனக்கு ரப்பர் ஆசை இல்லை என்று பொய் சொல்லமாட்டேன். ஆனால் அவள் கேட்ட கேள்விதான் நெஞ்சில் தைத்துவிட்டது. ஏனென்றால் நானே கேட்டதில்லை. அந்த வருசம் முழுக்க எனக்கு இருந்தது ஒரே ஒரு ஆசை, எங்க அப்பா வாய்விட்டுச் சிரிக்கிறதை ஒரே ஒரு தடவை கேட்டுவிட வேண்டும்.

சத்தம் இல்லாமல் சிரிப்பார். அது எனக்கு மட்டும்தான் தெரியும். எப்படித் தெரியும் என்றால், சைக்கிள் மணியால்.

குறுக்குத்துறையிலிருந்து பாளையங்கோட்டைக்கு அந்தச் சைக்கிளில்தான் தினமும் போவோம். வீட்டில் பேசாத மனுஷன், மீனாட்சிபுரம் தாண்டி ஆற்றுப்பாலத்தில் ஏறியதும் என் உச்சந்தலைக்கு மேலே பேச ஆரம்பிப்பார். கீழே தாமிரபரணி ஓடும். துவைக்கிற சத்தம் தப் தப்பென்று மேலே வரும். அப்போது கதை தொடங்கும். கொக்கிரகுளத்தில் சூடு பிடிக்கும். பள்ளிக்கூட வேப்பமரம் வரும்போது முடியும். எதிர்க்காற்று அடித்தால் கதை கொஞ்சம் நீளும், லாரி வந்தால் நடுவில் நிற்கும். அவர் முகத்தை நான் பார்த்ததே இல்லை. ஆனால் சிரிப்பான இடம் வந்தால் அவர் உடம்பு குலுங்கும், ஹேண்டில்பார் குலுங்கும், யாரும் தொடாமலே மணி கிணுகிணுவென்று அடிக்கும். எனக்கு அதுதான் அப்பாவின் சிரிப்பு.

அந்தக் கதைகள் எல்லாமே ஒரு அப்பனைப் பற்றியவை. அதுவும் சிங்களக் கிராமத்து அப்பன். அப்பா சின்ன வயதிலேயே இலங்கைக்குப் போனவர். குருநாகல் பக்கம் ஒரு கிராமத்தில் சொந்தக்காரர் வைத்திருந்த பலசரக்குக் கடையில் சாமான் நிறுத்துப் போட்டே வளர்ந்தவர். எண்பத்து மூணு கலவரத்தில் கடை எரிந்துபோய், உடுத்திய துணியோடு ஊர் திரும்பினார். பிறகுதான் அம்மாவைக் கட்டினார், நான் பிறந்தேன்.

அந்த ஊரில் பிள்ளைகள் பெத்த அப்பனை "அப்பச்சி" என்றுதான் கூப்பிடுவார்களாம். கதையில் வருகிற அப்பச்சி சரியான கோட்டிக்காரர், அரைப் பைத்தியம். ஆனால் தன்னைப்போல புத்திசாலி உலகத்திலேயே இல்லை என்று நினைப்பு. பலாமரத்தடியில் நின்றுகொண்டு, "நட்டது நான், நான் சொல்லும்போதுதான் விழணும்" என்று பழத்துக்கு உத்தரவு போடுவார். பழம் நேரே அவர் தலைக்கு வரும். மகள் முந்திக்கொண்டு வைக்கோலைச் சுற்றி அவர் தலையில் வைத்திருப்பாள். பழம் விழுந்து தெறித்ததும், "பார்த்தியா, சொன்ன பேச்சைக் கேட்குது" என்பார் அப்பச்சி. எப்பா! எனக்கு வயிறு வலிக்கும். எங்க வீட்டில் அப்பாவை எதிர்த்து ஒரு வார்த்தை பேச முடியுமா? மாமா முன்னால் கால்மேல் கால் போட முடியுமா? இங்கே என்னடாவென்றால் ஒரு அப்பன் பொத்துப் பொத்தென்று விழுகிறான், பிள்ளைகள் சிரிக்கிறார்கள், அவனும் எழுந்து மீசையைத் துடைத்துக்கொண்டு அடுத்த உத்தரவைப் போடுகிறான்.

கதை சொல்லவும் அந்த ஊரில் ஒரு முறை உண்டு. பைய மிதித்துக்கொண்டே அப்பா சொன்னார்.

"யாரோ ஒருத்தர் கதைன்னு சொல்லக் கூடாது. எந்த வீட்டுல சொல்லுதாவளோ, அந்த வீட்டு அப்பச்சி கதைன்னுதான் சொல்லணும். 'எங்க அப்பச்சி ஒருநாள்'னு பிள்ளை ஆரம்பிக்கும். அப்பச்சி அங்கனயேதான் வெத்தலை போட்டுக்கிட்டு உக்காந்திருப்பாவ. நடுவுல, 'பொய்! பொய் சொல்லுதா!'ன்னு கத்துவாவ. கத்தணும். கத்துனாத்தான் கதை நகரும்."

"அவுகளுக்குக் கோவம் வராதாப்பா?"

"பிள்ளைக்குப் பயம் விட்டுப்போச்சுன்னு சந்தோசப்படுவாவட்டி."

இது ரொம்ப முக்கியம். மறந்துவிடாதீர்கள்.

இப்போது எங்க மாமாவைச் சொல்ல வேண்டும், அம்மாவின் அண்ணன். டவுனில் பெரிய பாத்திரக்கடை. அப்பா வேலை பார்த்தது அங்கேதான். நம்ம ஆண்டுவிழாவுக்கு எவர்சில்வர் தட்டும் டம்ளரும் பேர் வெட்டிக் கொடுக்கிறவர் அவர்தான், முன்வரிசையில் வேட்டி நுனியைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருப்பாரே, அவர். நல்ல மனுஷன்தான், ஆனால் தொண்டை பெரிது. மச்சினனை நாலு பேர் முன்னால் ஏசினால்தான் அவருக்கு அன்றைய காப்பி இறங்கும். "அக்கரைக்குப் போய் வெறுங்கையை வீசிக்கிட்டு வந்தவரு" என்பது அவர் வழக்கமான ஆரம்பம்.

முழுக்க வெறுங்கை இல்லை. அப்பா ஒரு பித்தளைப் பாக்குவெட்டியைக் கொண்டுவந்திருந்தார். பிடியின் முனையில் கிளிமூக்கு செதுக்கியிருக்கும். நான் அதைத் திறந்து மூடி, கிளியைப் பேச வைத்து விளையாடுவேன். வெற்றிலையே போடாத மனுஷனுக்குப் பாக்குவெட்டி எதுக்கு? "அங்கன ஒருத்தி இருந்திருப்பா, அவ குடுத்திருப்பா" என்று சொந்தத்தில் முணுமுணுப்பார்கள். அம்மா காதில் விழும். அப்பாவிடம் ஒருதரம் கேட்டாளாம். "ஒரு வீட்டுல குடுத்தாவ" என்றதோடு சரி. அம்மாவுக்கு அந்தப் பதிலே போதுமானதாக இருந்தது, தப்பாக நினைக்க.

அந்த வருசம் பழைய பித்தளைக்குப் புது எவர்சில்வர் என்று கடையில் மாற்றிக் கொடுத்தார்கள். ஊர்ப்பட்ட குத்துவிளக்கும் அண்டாவும் போய்க் குவிந்தன. அம்மா ஒரு ஓட்டைச் செம்போடு சேர்த்துப் பாக்குவெட்டியையும் போட்டுவிட்டு, பளபளவென்று ஒரு தூக்குவாளியோடு வந்தாள். அப்பா ரெண்டு நாள் பரணில் கைவிட்டுத் தேடினார். மூன்றாம் நாள் தேடவில்லை. அந்தத் தூக்குவாளியில்தான் நான் உங்களுக்கெல்லாம் தயிர்சோறு கொண்டுவந்தேன்.

அதே சமயத்தில் பெருமாள்புரத்தில் மாமா வீடு கட்டிக்கொண்டிருந்தார். கடை வேலை போக, கட்டடத்தைப் பார்த்துக்கொள்கிற வேலையும் அப்பா தலையில். ஒரு சாயங்காலம் மாமா போய்ப் பார்த்தால், அடுக்களைப் பின்சுவர் முழுசாக எழும்பி நிற்கிறது. பின்வாசலுக்கு இடமே விடவில்லை. கொத்தனார், சித்தாள் எல்லாரும் இருக்கையில், "வாசல் விடாம சொவரு எழுப்புற கோட்டிக்காரனை இன்னைக்குத்தான் வே பாக்கேன்! இன்னொரு தப்பு நடந்துச்சு, கடைப் பக்கம் வராதீரும்!" என்று மாமா கத்தியிருக்கிறார். அப்பா துண்டை எடுத்துத் தோளில் போட்டுக்கொண்டு வந்துவிட்டார். இதெல்லாம் எனக்கு அப்போது தெரியாது. சத்தியமாகத் தெரியாது. பெரியவர்களுக்கு மட்டும்தான் தெரியும்.

மறுநாள் காலையில் பாலத்தில் ஏறியதும் அப்பா சொன்னார், "ஏட்டி, இதுவரை சொல்லாத ஒரு கதை இருக்கு. அப்பச்சி வாசல் இல்லாம வீடு கட்டுன கதை." பாளையங்கோட்டை வரைக்கும் மணி நிற்கவே இல்லை. ரோட்டில் போனவர்கள் வழிவிட்டு வழிவிட்டு ஒதுங்கினார்கள்.

அந்த வாரம்தான் தமிழ் டீச்சர் கதை சொல்லும் போட்டிக்குப் பேர் கேட்டார். நான் ரெண்டு கையையும் தூக்கினேன். டீச்சர் முன்னால் முழுக்கதையையும் சொல்லிக்காட்டினேன், 'இலங்கையில் ஒரு சிங்களக் கிராமத்துல' என்று ஆரம்பித்து. டீச்சர் சிரித்துச் சிரித்து முந்தானையால் கண்ணைத் துடைத்தார். பிறகு கதவைப் பார்த்துவிட்டுக் குரலைத் தாழ்த்தினார்.

"பிள்ளே, கதை அருமை. ஆனா சிங்களம்ங்கிற பேச்சே வேண்டாம். காலம் சரியில்ல. யாராவது எதாவது சொல்லுவாவ, உங்கப்பாவுக்குத்தான் தொந்தரவு."

"அப்ப எப்படி டீச்சர் ஆரம்பிக்க?"

"நேரா கதைக்குப் போயிரு. அப்பச்சின்னா இங்கன யாருக்கும் வெளங்காது. 'எங்க அப்பா ஒருநாள்'னு ஆரம்பி."

நல்லதை நினைத்துத்தான் சொன்னார், அதில் சந்தேகமே இல்லை. அந்த ஊர் முறைக்கும் அது சரியாகத்தானே இருந்தது? எனக்குச் சந்தோசம் தாங்கவில்லை. ஆண்டுவிழா அன்றைக்குக் காலையில் அம்மா தலை பின்னும்போதுகூட என்னால் உட்கார முடியவில்லை. "அப்பா வருவாவளாம்மா?" என்று நூறு தடவை கேட்டேன். "பரிசுச் சாமானை யாரு கொண்டாருவா? அவுகதான்" என்றாள். பாத்திர மூட்டையைக் கேரியரில் கட்டிக்கொண்டு அப்பா வருவார். ஹால் கதவுப் பக்கம் நின்று கேட்பார். சிரிப்பார். இந்தத் தடவை சத்தமாகச் சிரிப்பார். போஸ்ட்மாஸ்டர் மகளைக் கடைசி பெஞ்சில், கதவுக்குப் பக்கத்தில், காதைத் தீட்டிக்கொண்டு உட்காரச் சொல்லியிருந்தேன்.

ஹால் ஞாபகம் இருக்கா? உயரமான ஓட்டுக்கூரை, கிணற்றில் வாளி இறக்குவது போல் கிரீச்சிடும் மின்விசிறி, மல்லிகைப்பூவும் வியர்வையும் சேர்ந்த வாசம். எனக்கு முன்னால் பேசினவர்கள் எல்லாரும் ராஜா கதை, பீர்பால் மாதிரி மந்திரி கதை. என் பேரைக் கூப்பிட்டார்கள். மைக் என் நெற்றி உயரத்தில் இருந்தது. நான் அதைப் பார்த்துக் கத்தினேன்.

"எங்க அப்பா ஒருநாள் வீடு கட்டினார்!"

முதல் ரெண்டு வரிசை சட்டென்று நிமிர்ந்தது. அங்கே இருந்தது பூராவும் எங்க சொந்தமும் கடை ஆட்களும்.

"கொத்தனுக்கு அறிவு இல்ல, நானே கட்டுறேன்னு எங்க அப்பா எருமையையும் கூட்டிக்கிட்டு நடுவுல நின்னாரு. நின்ன இடத்துல இருந்தே நாலு பக்கமும் மண்ணைக் குழைச்சுச் சுவர் எழுப்பினாரு. கூரையும் போட்டாரு. வேலை முடிஞ்சது. 'ஏட்டி, வெத்தலை கொண்டா'ன்னாரு. 'எந்த வழியாப்பா கொண்டாரட்டும்?'னு கேட்டேன். உள்ள சத்தமே இல்ல. எருமை மட்டும் ம்மான்னுச்சு."

நீங்கள் எல்லாரும் உருண்டு உருண்டு சிரித்தீர்கள். சந்தோசத்தில் எனக்குக் கால் தரையில் இல்லை. முன்வரிசையில் மட்டும் ஒருத்தரும் சிரிக்கவில்லை என்பதை நான் கவனிக்கவில்லை.

"அப்புறம் எங்க அப்பா சொன்னாரு, 'வழி வச்சுக் கட்ட யாராலயும் முடியும். இது கள்ளன் நுழையாத வீடு. வேணும்னுதான் இப்படிக் கட்டினேன்!' ஊரே வந்து பார்த்துச்சு. புகைபோற ஓட்டை வழியாச் சோறு போட்டோம். 'சொவத்தை இடிச்சிரட்டுமா'ன்னு கேட்டா, 'கை வச்சா கையை ஒடிப்பேன்'னாரு. மூணு நாள் ஆச்சு..."

"நிறுத்துட்டி!"

மாமா எழுந்து நின்றார். முகம் செக்கச்செவேல் என்று இருந்தது.

"யாரு சொல்லிக்குடுத்தா இதை? பெத்த அப்பனைச் சந்தி சிரிக்க வைக்க எந்த ஆக்கங்கெட்டவ சொல்லிக்குடுத்தா?"

மின்விசிறிச் சத்தம் மட்டும். டீச்சர் நாற்காலியில் இருந்து பாதி எழுந்து பாதி உட்கார்ந்தார். அம்மா சேலைத் தலைப்பை வாயில் வைத்துக்கொண்டாள். எனக்கு ஒன்றும் விளங்கவில்லை. தப்பு என்ன செய்தேன் என்றே தெரியாமல் தப்புச் செய்துவிட்டேன் என்று மட்டும் தெரிந்தது. அடுத்த வரி என்ன? மகள் என்ன செய்வாள்? அத்தனையும் மறந்துபோச்சு. போட்டோவில் வாயைத் திறந்துகொண்டு நிற்கிறேனே, அது அந்த நிமிஷம்தான்.

அப்போது கடைசியிலிருந்து ஒரு குரல்.

"பொய்!"

எல்லாரும் திரும்பினார்கள். பரிசு மூட்டையைக் கீழே வைத்துவிட்டு, கதவுப் பக்கம் அப்பா நின்றுகொண்டிருந்தார்.

"பொய் சொல்லுதா! மூணு நாள் இல்ல, ரெண்டு நாள்தான்!"

ஏட்டி, உங்களுக்கு விளங்குதா? நீங்கள் எல்லாரும் என்ன நினைத்தீர்கள், அப்பா கோபத்தில் கத்துகிறார் என்று. இல்லை! எங்க அப்பா அந்த இடத்தில் அப்பச்சியாக உட்கார்ந்துவிட்டார். கத்தணும், கத்துனாத்தான் கதை நகரும். நகர்ந்தது! வரி வரியாக எனக்கு எல்லாம் திரும்பி வந்தது.

"மூணு நாள்தான்பா! எருமையைக் கேட்டுப் பாருங்க!" என்றேன் மைக்கில்.

யாரோ களுக்கென்று சிரித்தார்கள். மாமா அப்பாவைப் பார்த்தார். "மாப்ள, என்ன வே இது?"

"அத்தான், உக்காருங்க. கதைல இருக்க கோட்டிக்காரன் நான்தான். நீங்க இல்ல. பிள்ளை முடிக்கட்டும்."

மாமா உட்கார்ந்தார். அப்படித் தொப்பென்று உட்கார்ந்ததற்குக் காரணம் எனக்கு ரொம்ப நாள் கழித்துத்தான் தெரிந்தது. கொத்தனாரே அம்மாவிடம் சொன்னாராம், பின்வாசலை அடைத்து எழுப்பச் சொன்னது மாமாவேதான் என்று. யாரோ மனையடி பார்க்கிறவர் பேச்சைக் கேட்டுச் சொல்லிவிட்டு, மறந்த மாதிரிப் பழியை அப்பா மேல் போட்டுவிட்டார். கதையில் 'வேணும்னுதான் இப்படிக் கட்டினேன்' என்று நான் சொன்னபோது, நான் அவரைத்தான் குத்துகிறேன் என்று நினைத்திருக்கிறார். அப்பாவின் மானத்துக்காக எழுந்தவர் இல்லை அவர். அப்பாவுக்கு அது தெரியும். தெரிந்துதான் அத்தனை பேர் முன்னால் கோட்டிக்காரப் பட்டத்தைத் தன் தலையில் எடுத்து வைத்துக்கொண்டார்.

நான் விட்ட இடத்தில் பிடித்தேன்.

"மூணாம் நாள் நான் சுவர்கிட்டப் போய்ச் சொன்னேன், 'எப்பா, மழை வந்து வெளிய நிக்குது. உங்க உத்தரவு இல்லாம உள்ள வரமாட்டேங்குது. எந்தப் பக்கமா வரச்சொல்லட்டும்?'"

"பொய்! அன்னைக்கு மழையே இல்ல!" என்றார் அப்பா. இப்போது ஹால் முழுக்க ஒரு தடவை அங்கே, ஒரு தடவை இங்கே என்று தலையைத் திருப்பிக்கொண்டிருந்தது.

"உங்களுக்கு எப்படித் தெரியும்? நீங்கதான் உள்ள இருந்தீங்களே!"

வெடித்தது பாருங்கள் சிரிப்பு! ஓடு அதிர்ந்தது. டீச்சர் மேஜையைத் தட்டினார். எனக்கு எங்கேயிருந்து அந்த வரி வந்தது என்று தெரியாது, அது கதையிலேயே கிடையாது.

"'என்கிட்ட உத்தரவு கேக்குற மழையா? இரு, நானே வழி விடுறேன்'னு எங்க அப்பா மண்வெட்டியை எடுத்து, அவர் கையாலேயே சுவரை இடிச்சுக்கிட்டு வெளிய வந்தாரு. பார்த்தா சுள்ளுன்னு வெயில். 'எங்கட்டி மழை?'னு கேட்டாரு. நான் சொன்னேன், 'உங்களைப் பார்த்துப் பயந்து ஓடிட்டுப்பா!'"

அப்போதுதான் அது நடந்தது. கைதட்டலுக்கு நடுவில், கடைசியிலிருந்து, ஹா ஹா ஹாவென்று ஒரு சிரிப்பு. கரகரவென்று, ரொம்ப நாள் பூட்டிக் கிடந்த பெட்டியைத் திறக்கிற மாதிரி. அப்பா தூணைப் பிடித்துக்கொண்டு சிரித்தார். குனிந்து முழங்காலில் கையை ஊன்றிக்கொண்டு சிரித்தார். நிறுத்தப் பார்த்து, முடியாமல், மறுபடி சிரித்தார். கண்ணில் தண்ணீர் கொட்டியது. அம்மா அவரையே பார்த்துக்கொண்டிருந்தாள், கட்டின நாளிலிருந்து கேட்காத சத்தம் அவளுக்கும். நான் மேடையிலேயே குதித்தேன். போஸ்ட்மாஸ்டர் மகளே, அன்றைக்குக் கீழே இறங்கினதும் நீ அந்த ரப்பரை என் கையில் வைத்தாய். உனக்கு அது மறந்துபோச்சு, கிழிகிழி மட்டும் ஞாபகம் இருக்கு.

கீழே இருந்து பேச்சுத் துணை வந்தது என்று சொல்லி எனக்கு முதல் பரிசு கொடுக்கவில்லை. ஆறுதல் பரிசாக ஒரு டம்ளர், மாமா கையாலேயே. கொடுக்கும்போது என் கன்னத்தைக் கிள்ளினார், கொஞ்சம் பலமாகவே. ஒரு மாதம் அப்பாவோடு சரியாகப் பேசவில்லை. ஆனால் அதற்குப் பிறகு நாலு பேர் முன்னால் ஏசியதும் இல்லை.

ஹாலை விட்டு வந்து வேப்பமரத்தடியில் மூணு பேரும் நின்றோம். அம்மாதான் கேட்டாள்.

"இப்படிச் சிரிக்கத் தெரிஞ்ச ஆளு, இத்தனை வருசம் ஏன் சிரிக்கல?"

அப்பா சைக்கிள் சீட்டைத் துடைத்துக்கொண்டே சொன்னார்.

கலவரத்தில் கடைக்குத் தீ வைத்தபோது, அந்த ஊர்ப் பெரியவர் ஒருத்தர் அப்பாவைத் தன் வீட்டு நெல் குதிருக்குள் இறக்கி மூடிவிட்டாராம். உயரமான பலகைக் குதிர், பக்கவாட்டில் வாசல் கிடையாது, மேலே இருந்துதான் இறங்க வேண்டும். அப்பாவைத் தேடி ஆட்கள் வந்தபடி இருந்தார்கள். பெரியவர் குதிரில் சாய்ந்து உட்கார்ந்து, வெற்றிலை போட்டுக்கொண்டு, தன் மகளோடு கதை பேசிக்கொண்டிருப்பார். தேடி வந்தவர்களும் நின்று கேட்டுச் சிரித்துவிட்டுப் போவார்கள். உள்ளே இருக்கிறவன் பயத்தில் செத்துவிடக் கூடாது என்று, மகளைக் கதை சொல்ல வைத்து, 'பொய், பொய்' என்று அவர் கத்துவாராம். எல்லாம் அவர் கோட்டித்தனம் செய்த கதைகள். வாசல் இல்லாத வீட்டுக் கதையை அந்தப் பிள்ளை அங்கேயே, வாசல் இல்லாத அந்த நெல் குதிரின் அமைப்பைப் பார்த்து இட்டுக்கட்டியது. அப்பா நெல்லுக்குள் கழுத்துவரை புதைந்து, வாயைப் பொத்திக்கொண்டு, சத்தம் வராமல் சிரிக்கப் பழகினார்.

"சத்தமாச் சிரிச்சா வெளிய நிக்கவனுக்குக் கேட்டிரும்லா" என்றார். "வெளிய ஏத்திவிட்ட அன்னைக்கு, 'இனிமே சத்தமாச் சிரிக்கலாம் மகனே'ன்னு சொல்லி அந்தப் பாக்குவெட்டியைக் கையில குடுத்தாவ, அப்பச்சி. எனக்குத்தான் வரல."

அம்மா அங்கேயே, அந்தக் கூட்டத்தில், ஓவென்று அழுதாள். மறுநாள் விடிந்ததும் கடைக்கு ஓடினாள். பித்தளைக் குவியல் எப்போதோ உருக்கப் போயிருந்தது. காலிக் கிடங்கில் நின்று கையால் தரையைத் தடவிப் பார்த்தாளாம். இன்றைக்கும் எங்காவது பழைய பாக்குவெட்டியைப் பார்த்தால் கையில் எடுத்துக் கிளிமூக்கு இருக்கிறதா என்று பார்க்கிறாள்.

அம்மா கடைக்கு ஓடின அன்றைக்குக் காலையில் வழக்கம்போல நானும் அப்பாவும் சைக்கிளில் கிளம்பினோம். பாலத்தில் ஏறினோம். அப்பா கதை ஆரம்பிக்கவில்லை.

"இன்னைக்கு நீ சொல்லு. எங்க அப்பா ஒருநாள்னு ஆரம்பி."

நான் சொன்னேன். எங்க அப்பா ஒருநாள் எருமைக்குச் சைக்கிள் ஓட்டச் சொல்லிக்கொடுத்த கதை. நானே இட்டுக்கட்டியது. அப்பா பாலத்தின் நடுவில், ஆள் போகிற வருகிற இடத்தில், தலையைப் பின்னால் சாய்த்துக்கொண்டு சிரித்தார். கீழே துவைத்துக்கொண்டிருந்தவர்கள் எல்லாம் நிமிர்ந்து பார்த்தார்கள். எனக்கு வெட்கமாகப் போய்விட்டது.

"எப்பா, பைய சிரிங்கப்பா. ஆளுவ பாக்காவ."

"பாக்கட்டும்ட்டி" என்றார் அப்பா. "எல்லாருக்கும் கேக்கட்டும்."